மாமனார் பார்க்காத பைனல்



இந்தப் பக்கத்தில் கோலம், குழம்பு, பிள்ளைகள் படிப்பு, மாமியார் மருமகள் விவகாரம் என்று எத்தனையோ படிக்கிறோம். நான் எழுதப் போவது புட்பாலைப் பற்றி. சிரிக்காதீர்கள்! நான் பத்தாவது வரை படித்த ஒரு சாதாரண குடும்பத் தலைவி. 'ஆப்சைடு' என்றால் என்ன என்று இன்றைக்கும் எனக்குத் தெளிவாகச் சொல்லத் தெரியாது. ஆனாலும் இதை எழுதாமல் இருக்க முடியவில்லை. ஆறேழு வருஷமாக மனசில் கிடக்கிற விஷயம்.

என் புகுந்த வீடு வியாசர்பாடி. சென்னையில் புட்பாலுக்குப் பேர் போன பகுதி. கிரிக்கெட் மட்டை இல்லாத வீடு இருக்கும், பந்து உதைக்காத பையன் இருக்க மாட்டான் என்பார்கள். என் மாமனார் இளம் வயதில் அங்கே ஒரு டீமில் விளையாடியவர். பெரம்பூர் பக்கம் ஒரு மில்லில் வேலை. மில் மூடிய பிறகு கிடைத்த பணத்தில் கோவிலம்பாக்கத்தில் அரை கிரவுண்டு வாங்கிப் போட்டு, பிற்பாடு வீடு கட்டி எல்லோரும் இங்கே வந்துவிட்டார்கள். நான் கல்யாணமாகி வந்தது 2011-ல், இந்த வீட்டுக்குத்தான். அப்போது பக்கத்தில் ஏரி, வயல், புதர், நடுவில் நாலைந்து வீடுகள். இப்போது மேடவாக்கம் மெயின் ரோட்டில் மெட்ரோ வேலை நடக்கிறது, தூசி தாங்க முடியவில்லை.

மாமாவுக்கு (மாமனாரை அப்படித்தான் கூப்பிடுவேன்) ஊரை விட்டு வந்தது ஒரு குறை. இங்கே புட்பால் பேச ஆள் இல்லை. அதனால் என்னிடம் பேசுவார். நான் கீரை ஆய்ந்துகொண்டே 'உம்' கொட்டுவேன். பெரியமேட்டில் நேரு ஸ்டேடியம் இருக்கிறதல்லவா, அந்த இடத்தில் முன்பு கார்ப்பரேஷன் ஸ்டேடியம் இருந்தது. 1956-ல் வினூ மன்கட், பங்கஜ் ராய் இரண்டு பேரும் நியூசிலாந்துக்கு எதிராக 413 ரன் சேர்ந்து எடுத்தது அங்கேதான் என்று அவருடைய அப்பா சொன்ன கதையை எனக்குச் சொல்வார். இப்போதுள்ள ஸ்டேடியம் 1993-ல் கட்டியது. அந்த வருஷமே நேரு கோப்பைப் பந்தயம் அங்கே நடந்து, வட கொரியா ஜெயித்தது.

"1995-ல தெற்காசிய விளையாட்டுப் போட்டி நம்ம ஊர்ல நடந்துச்சும்மா. புட்பால் பைனல்ல இந்தியாவும் பங்களாதேசும். நாம ஒண்ணுக்கு சைபர்ல ஜெயிச்சோம். நான் பார்க்கலை. அன்னிக்குன்னு செகண்ட் ஷிப்ட். லீவு கேட்டேன், குடுக்கலை. மில்லுக்குள்ள இருந்துகிட்டு எவன் கோல் அடிச்சான்னு கூடத் தெரியாம தறியைப் பார்த்துகிட்டு நின்னேன்."

இதை எத்தனை தடவை சொல்லியிருப்பார் என்று கணக்கே இல்லை. "ஒரு பைனலையாவது நேர்ல பார்த்துட்டுப் போயிடணும்" என்று முடிப்பார். வயதானவர்கள் காசிக்குப் போக வேண்டும் என்று சொல்வார்களே, அது மாதிரி.

2014-ல் ஐ.எஸ்.எல். வந்தது. சென்னைக்கும் ஒரு டீம், சென்னையின் எப்.சி. நேரு ஸ்டேடியம்தான் சொந்த மைதானம். மாமாவுக்கு இளமை திரும்பிவிட்டது போங்கள்! எங்கள் அத்தை (மாமியார்) மட்டும், "அறுபத்தஞ்சு வயசுல நீல சட்டை கேக்குது" என்று தலையில் அடித்துக்கொண்டார்கள்.

அடுத்த வருஷம், 2015. டிசம்பர் முதல் தேதி பெய்த மழையை யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். எங்கள் பக்கம் ஏரி எது, தெரு எது என்று தெரியவில்லை. ராத்திரியோடு ராத்திரியாக வீட்டுக்குள் இடுப்பளவு தண்ணீர். என் பெண்ணுக்கு அப்போது மூன்று வயது. அவளைத் தோளில் போட்டுக்கொண்டு எதிர் மாடி வீட்டில் ஏறினோம். நல்ல மனிதர்கள், பத்து நாள் தங்க இடம் கொடுத்தார்கள். அரிசி, மெத்தை, என் கல்யாணப் புடவைகள், எல்லாம் சேறு. மாமா எதையும் கேட்கவில்லை. தண்ணீர் வடிந்த பிறகு பீரோ மேல் வைத்திருந்த பழைய போட்டோ ஒன்றை மட்டும் எடுத்துத் துடைத்து வெயிலில் வைத்தார். டீமோடு நின்று எடுத்த போட்டோ.

அந்தச் சமயம்தான் சென்னை டீம் செமி பைனலுக்கு வந்திருந்தது. கொல்கத்தா டீமோடு இரண்டு ஆட்டம், அங்கே ஒன்று, இங்கே ஒன்று. ஊரே தண்ணீரில் மிதக்கும்போது இங்கே எப்படி ஆடுவது? இங்கே நடக்க வேண்டியதை புனேவுக்கு மாற்றிவிட்டார்கள். டிசம்பர் 12-ம் தேதி, பாலேவாடி ஸ்டேடியம். மாடி வீட்டு டிவியில் எல்லோரும் உட்கார்ந்து பார்த்தோம். மூன்றுக்கு சைபரில் சென்னை ஜெயித்தது. மாமா என்னைப் பார்த்துச் சொன்னார்:

"நம்மளை மாதிரிதாம்மா அவனுங்களும். வீட்ல தண்ணி பூந்துடுச்சு, அடுத்த வீட்ல வந்து ஒண்டிக்கிட்டு இருக்கானுங்க."

அடுத்து கொல்கத்தாவில் தோற்றாலும் மொத்தக் கணக்கில் பைனலுக்குப் போய்விட்டோம். பைனல் டிசம்பர் 20, கோவாவில் பட்டோர்டா ஸ்டேடியத்தில். எதிர் டீமும் கோவாதான். அவர்கள் வீட்டிலேயே அவர்களோடு! 87-வது நிமிஷத்தில் கோவா 2-1 என்று முந்திவிட்டது. அத்தை எழுந்து போய் அடுப்பைப் பற்ற வைத்துவிட்டார்கள். அதற்குள் அவர்கள் கோல்கீப்பர் கையில் பட்டே ஒரு கோல், அடுத்த ஓரிரு நிமிஷத்தில் மெண்டோசா ஒரு கோல். 3-2. கோப்பை சென்னைக்கு. சேறு நாற்றம் போகாத தெருவில் பையன்கள் பட்டாசு வெடித்தார்கள். தீபாவளிக்கு வெடித்தது போக மிஞ்சியது எங்கே நனையாமல் இருந்ததோ தெரியவில்லை.

இனி 2018-க்கு வருகிறேன். எழுத நினைத்ததே அதைத்தான்.

அந்த வருஷமும் செமி பைனல். மார்ச் 13, செவ்வாய்க்கிழமை, இரவு எட்டு மணிக்கு, நேரு ஸ்டேடியத்தில் கோவாவோடு. கோவாவில் நடந்த முதல் ஆட்டம் 1-1. என் கணவர் இரண்டு டிக்கெட் வாங்கி வைத்திருந்தார், அப்பாவுக்கும் தனக்கும். கடைசி நேரத்தில் கம்பெனியில் ஷிப்ட் மாற்றிவிட்டார்கள். (செகண்ட் ஷிப்ட்! பரம்பரை ராசி போலிருக்கிறது.) மாமாவைத் தனியாக அனுப்ப முடியாது. சர்க்கரை உண்டு, அரை மணிக்கு ஒரு தடவை பாத்ரூம் போக வேண்டும். அத்தையோ "நான் வரமாட்டேன்பா" என்று கையை விரித்துவிட்டார்கள். நான் போனேன்.

வேளச்சேரி வரை ஷேர் ஆட்டோ, அங்கிருந்து பறக்கும் ரயிலில் பார்க் டவுன். ஸ்டேடியம் நடக்கிற தூரம்தான், மாமாவுக்காக ஆட்டோ பிடித்தேன். வாசலில் டிபன் பாக்ஸ், தண்ணீர் பாட்டில் எதையும் விடமாட்டார்கள் என்று எனக்குத் தெரியாது. வழியில் சாப்பிடக் கட்டிக்கொண்டு போன புளிசாதத்தை வெளியே ஒரு பெரியம்மாவிடம் கொடுத்துவிட்டு வந்தேன். சர்க்கரைக்காரர் என்று சொன்னதும் பெண் போலீஸ் ஒருவர் பிஸ்கட்டை மட்டும் விட்டார். புண்ணியவதி.

உள்ளே போனதும் எனக்கு வாயே மூடவில்லை. டிவியில் பார்க்கும்போது அந்தப் பச்சை இவ்வளவு பச்சையாக இருக்காது. ஒரு பக்கம் முழுக்க நீலச் சட்டைப் பையன்கள், மேளம், பாட்டு, 'சூப்பர் மச்சான்ஸ்' என்று பேர் எழுதிய பேனர். பெண்களும் இருந்தார்கள், ஆனால் காலேஜ் பெண்கள். சேலை கட்டிக்கொண்டு வயர் கூடையோடு போனது நான் ஒருத்திதான் என்று நினைக்கிறேன். யாரும் ஒன்றும் சொல்லவில்லை. ஒரு பையன், "ஆன்ட்டி, இந்தக் கொடியை ஆட்டுங்க" என்று கையில் கொடுத்தான். ஆட்டினேன்!

படி ஏற இறங்கச் சுலபமாக, பாத்ரூமுக்குப் பக்கத்தில், ஓரத்து சீட் பார்த்து மாமாவை உட்கார வைத்தேன். 26-வது நிமிஷம் ஜேஜே தலையால் முட்டி ஒரு கோல். அந்தச் சத்தம் அடங்குவதற்குள், மூன்றே நிமிஷத்தில், இன்னொரு கோல். அடித்தவர் தன்பால் கணேஷ். வியாசர்பாடிப் பையன்!

மாமா எழுந்து நின்றார். கத்தவில்லை. என் கையைப் பிடித்துக்கொண்டு, "நம்ம பையன்மா... நம்ம தெருவுல உதைச்ச பையன்மா" என்று மூன்று தடவை சொன்னார். கண்ணில் தண்ணீர். அவர் அழுது நான் பார்த்தது அன்றைக்கு மட்டும்தான். வெள்ளத்தில் வீடு போனபோதுகூட அழாதவர்.

மூன்றாவது கோல் கடைசி நிமிஷத்தில். அது விழும்போது மாமா பாத்ரூமில்! கூரை அதிர்ந்த சத்தத்தைக் கேட்டு வேட்டியைச் சரி செய்துகொண்டே ஓடி வந்து, "யாரு? ஜேஜேவா?" என்றார். ஆமாம் என்றேன். "அவன்தான் அடிப்பான்னு உள்ள இருக்கும்போதே நினைச்சேன்" என்றார். சுற்றி இருந்த பையன்கள் சிரித்த சிரிப்பு இருக்கிறதே!

பத்து மணிக்கு வெளியே வந்தோம். பார்க் ஸ்டேஷனிலிருந்து மின்சார ரயிலில் பரங்கிமலை வந்து, ஆட்டோவுக்குப் பேரம் பேசி, கீழ்க்கட்டளை வழியாக வீடு சேர பதினொன்றரை. வழி முழுக்க மாமா ஒன்றே ஒன்றுதான் கேட்டார். "பைனல் சனிக்கிழமை பெங்களூர்லயாம்மா. பக்கம்தானே?"

அந்தப் பைனலை முதலில் கொல்கத்தாவில் வைப்பதாகச் சொல்லி, பிறகு பெங்களூருக்கு மாற்றியிருந்தார்கள். கொல்கத்தா என்றால் அவர் கேட்டிருக்கவே மாட்டார். பெங்களூர் என்றதும் ஆசை வந்துவிட்டது. காலையில் ரயில் ஏறினால் மத்தியானம், மேட்ச் முடிந்ததும் ராத்திரி ரயில், விடிந்தால் வீடு. என் கணவர் உட்கார்ந்து கணக்குப் போட்டார். மூன்று பேருக்கு ரயில், ஸ்டேடியம் டிக்கெட், ஆட்டோ, சாப்பாடு எல்லாம் சேர்த்து ஆறாயிரத்துக்கு மேல். "மாசக் கடைசி மாதிரி இருக்கு கையிருப்பு. உன்கிட்ட ஏதாவது இருக்கா?" என்று கேட்டார்.

"இல்லீங்க" என்றேன்.

இருந்தது. சீட்டு எடுத்து எட்டாயிரம் ரூபாய் வைத்திருந்தேன். வாஷிங் மெஷின் வாங்க இரண்டு வருஷமாகச் சேர்த்த பணம். ஐந்து பேர் துணி, கையால் துவைப்பது, அதுவும் கணவரின் யூனிபார்ம் கிரீஸ் கறை. துவைக்கிற சகோதரிகளுக்குத் தெரியும்.

பணம் மட்டும்தான் காரணம் என்று சொன்னால் அதுவும் பொய். பயமும் இருந்தது. முந்தின வருஷம் கணவரோடு வெளியூரில் ஒரு மேட்சுக்குப் போயிருந்தேன். எந்த மைதானம் என்று சொல்ல வேண்டாம். பெண்கள் கழிப்பறையில் பூட்டு. சாவி யாரிடம் என்று யாருக்கும் தெரியவில்லை. நாலரை மணி நேரம் ஒரு சொட்டுத் தண்ணீர் குடிக்காமல், மேட்சில் யார் ஜெயித்தார்கள் என்றுகூடப் பார்க்காமல் பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். என் நிலையே அப்படி என்றால், எழுபது வயது சர்க்கரைக்காரரைக் கூட்டிக்கொண்டு தெரியாத ஊரில், தெரியாத கேலரியில், பாஷை தெரியாமல் என்ன செய்வது? கூட்டத்தில் தள்ளி விழுந்துவிட்டால்? "உங்களுக்கு உடம்பு தாங்காது மாமா, அடுத்த வருஷம் நம்ம ஊர்லயே நடக்கும், பாருங்க" என்று சொன்னேன். மாமா உடனே "ஆமாம்மா, அதுவும் சரிதான்" என்று சொல்லிவிட்டார். ஒரு தடவைகூட மறுத்துப் பேசவில்லை. பேசியிருந்தால் எனக்கு இவ்வளவு உறுத்தியிருக்காது.

மார்ச் 17. கண்டீரவா ஸ்டேடியம். டிவியில்தான். சுனில் சேத்ரி ஒன்பதாவது நிமிஷத்திலேயே கோல் போட்டுவிட்டார். அப்புறம் நம்முடைய மெயில்சன் இரண்டு, அகஸ்டோ ஒன்று. கடைசியில் அவர்கள் ஒன்று அடித்தும் 3-2. இரண்டாவது தடவை கோப்பை. மாமா கை தட்டினார், எல்லோருக்கும் அல்வா வாங்கி வரச் சொன்னார். படுக்கப் போகும்போது, "நேர்ல பார்த்தா அந்தப் பச்சை வேற மாதிரிம்மா இருக்கும், இல்ல?" என்றார். அவ்வளவுதான்.

ஏப்ரலில் வாஷிங் மெஷின் வாங்கினேன். பணம் ஏது என்று கணவர் கேட்டதற்கு, இப்போதுதான் சீட்டு விழுந்தது என்றேன்.

அதே ஏப்ரலில் கிரிக்கெட்டிலும் ஒரு கூத்து நடந்தது, ஞாபகம் இருக்கிறதா? காவிரிப் போராட்டத்தால் சூப்பர் கிங்ஸ் ஆட்டங்களைச் சேப்பாக்கத்திலிருந்து மாற்றினார்கள். எங்கே? அதே புனேவுக்கு! சென்னையிலிருந்து ரசிகர்கள் ஆயிரம் பேர் போலத் தனி ரயிலில் போனார்கள். 'விசில் போடு எக்ஸ்பிரஸ்' என்று பேர். செய்தியில் அந்த ரயிலைக் காட்டியபோது மாமா டிவிக்குப் பக்கத்தில் போய் நின்று பார்த்தார். வயதானவர் யாராவது இருக்கிறார்களா என்று தேடினாரோ என்னவோ. எனக்கு அடுப்படியில் வேலை இருப்பது போல உள்ளே போய்விட்டேன்.

அடுத்த வருஷம் நம்ம ஊரில் நடக்கும் என்று நான் சொன்னேன் அல்லவா? அடுத்த சீசனில் சாம்பியனாக இருந்த நம் டீம் பட்டியலில் கடைசி இடம்! மாமாவுக்கும் உடம்பு படுத்துவிட்டது. 2019 ஆகஸ்டில் தவறிவிட்டார்.

பைனல் எந்த ஊரில் நடக்கிறது என்பதை நான் கவனிக்க ஆரம்பித்தது அதன் பிறகுதான். பேப்பரில் வந்தால் காலண்டர் பின்பக்கம் குறித்து வைப்பேன். ஐ.எஸ்.எல்.லில் 2014 முதல் 2025 வரை பதினோரு பைனல். கோவாவில் ஐந்து, கொல்கத்தாவில் இரண்டு, மும்பையில் ஒன்று, நவி மும்பையில் ஒன்று, கொச்சியில் ஒன்று, பெங்களூரில் ஒன்று. சென்னையில் ஒன்றுகூட இல்லை. மூன்று தடவை பைனலுக்குப் போய் இரண்டு தடவை ஜெயித்த டீமின் ஊர் இது!

சரி, பெண்கள் ஆட்டத்திலாவது? 2018-ல் தமிழ்நாட்டுப் பெண்கள் டீம் மணிப்பூரை ஜெயித்து தேசிய சாம்பியன் ஆனது கட்டாக்கில். 2023-ல் ஹரியானாவை ஜெயித்து மறுபடி சாம்பியன் ஆனது அமிர்தசரஸில். கடலூர் பக்கம், மதுரைப் பக்கம் கிராமங்களிலிருந்து வந்து ஆடுகிற பெண்களின் அப்பா அம்மா அமிர்தசரஸ் எப்படிப் போவார்கள்? ஜெயித்த பெண் கழுத்தில் மெடலைப் போட்டுக்கொண்டு போனில்தான் சொல்லியிருக்கும்.

கிரிக்கெட் கதையும் இதேதான். 2019-ல் ஐ.பி.எல். பைனல் சேப்பாக்கத்தில் நடக்க வேண்டியது. மூன்று கேலரிகளுக்கு அனுமதி கிடைக்காததால் ஐதராபாத்துக்குப் போயிற்று. அங்கே போய் ஒரே ஒரு ரன்னில் தோற்றோம். 2024-ல் பைனல் சேப்பாக்கத்துக்கே வந்தது, ஆனால் ஆடியது கொல்கத்தாவும் ஐதராபாத்தும். பந்தல் நம்ம வீட்டில், கல்யாணம் அடுத்த வீட்டுக்காரருக்கு!

என் சித்தி பெண் அமெரிக்காவில் அட்லாண்டாவில் இருக்கிறாள். அங்கே காலேஜ் பையன்கள் ஆடுகிற புட்பாலுக்கே இப்படித்தானாம். அது நம்ம புட்பால் இல்லை, முட்டை மாதிரி இருக்கும் பந்தைக் கையில் தூக்கிக்கொண்டு ஓடுவது. பைனல் எந்த ஊர் என்று சில வருஷம் முன்னாலேயே முடிவு செய்துவிடுவார்களாம். யார் பைனலுக்கு வருகிறார்களோ அவர்கள் அங்கே போக வேண்டியதுதான். 2025 ஜனவரியில் அவள் ஊரில் நடந்தது. ஓஹியோ ஸ்டேட்டும் நோட்டர் டேமும் ஆடி, 34-23 என்று ஓஹியோ ஜெயித்தது. இரண்டுமே வெளி மாநிலம். அப்பா, தாத்தா, பேரன் என்று ஒரே கலர் சட்டையில் குடும்பம் குடும்பமாக வந்து இறங்கினார்களாம், குளிரில். "காலேஜ் மேட்சுக்கா?" என்று கேட்டேன். நம்ம பக்கம் காலேஜ் பந்தயம் என்றால் மரத்தடியில் பத்துப் பையன்கள் விசில் அடிப்பார்கள், வாட்ச்மேன் சைக்கிளை நிறுத்திவிட்டுப் பார்ப்பார். அங்கே மிச்சிகன் என்ற யுனிவர்சிட்டியின் மைதானத்தில் ஒரு லட்சம் பேருக்கு மேல் உட்காரலாமாம். இவ்வளவு வசதி இருந்தும், வயதானவர்கள் சிலர் செலவுக்குப் பயந்து ஊரிலேயே டிவியில் பார்த்தார்கள் என்று அவள் சொன்னபோது எனக்குச் சுருக்கென்றது.

2020 மார்ச்சில் நம் டீம் மறுபடி பைனலுக்கு வந்தது. பட்டோர்டாவில், கொல்கத்தாவோடு. மார்ச் 14. கொரோனா பயத்தால் ரசிகர்கள் யாரையுமே உள்ளே விடவில்லை. டிவியில் பார்த்தால் காலி நாற்காலி, காலி நாற்காலி. கோல் விழுந்தால் சத்தமே இல்லை. ஆடுகிறவர்கள் ஒருவரை ஒருவர் கூப்பிடுவது நம் தெருவில் கேட்பது மாதிரி கேட்டது. 3-1 என்று தோற்றோம். தோற்றது எனக்குப் பெரிதாகத் தெரியவில்லை. என் கணவர், "அப்பா இருந்திருந்தா, இந்த வருஷம் எவனுமே பார்க்கலை, எனக்கு மட்டும் என்னான்னு சொல்லியிருப்பாரு" என்றார்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. சீட்டுப் பண விஷயத்தை அன்றைக்குத்தான் சொன்னேன். கத்துவார் என்று எதிர்பார்த்தேன். கொஞ்ச நேரம் டிவியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அப்பாவுக்குத் தெரியும்" என்றார்.

எப்படி என்றால், சீட்டுப் பிடிக்கிற அக்கா நாலாவது வீடு. நான் சீட்டு எடுத்த அன்றைக்கே மாமாவிடம், "உங்க மருமக மெஷின் வாங்கப் போகுது" என்று சொல்லியிருக்கிறார்கள். பெங்களூர் பேச்சு வந்தபோது மாமா கணவரைத் தனியாகக் கூப்பிட்டு, "அந்தப் பொண்ணைக் கேக்காதே. துவைச்சுத் துவைச்சு அது விரல் இடுக்கெல்லாம் வெந்து கிடக்கு. மேட்ச் டிவியில வரும், கை வருமா?" என்று சொன்னாராம். என் கணவர் அதற்கு முன்பே என்னைக் கேட்டுவிட்டார், நானும் இல்லை என்று சொல்லிவிட்டேன். இரண்டு வருஷம் இரண்டு பேரும் தெரிந்துகொண்டே இருந்திருக்கிறார்கள். மெஷின் வந்த அன்று அதற்குக் குங்குமம் வைத்தவர் மாமாதான்!

நான் செய்தது தப்பா, சரியா என்று இன்றைக்கும் எனக்குச் சொல்லத் தெரியவில்லை. மெஷின் இப்போதும் ஓடுகிறது, கொஞ்சம் சத்தம் போடுகிறது.

இந்த விஷயத்துக்குப் பிறகு ஒரு காரியம் செய்தேன். 2023 பிப்ரவரியில் இந்தியா, நேபாளம் பெண்கள் டீம் நேரு ஸ்டேடியத்தில் இரண்டு மேட்ச் ஆடியது. என் பெண்ணுக்கு அப்போது பத்து வயது முடிந்திருந்தது. இரண்டாவது மேட்சுக்கு அவளையும் அத்தையையும் கூட்டிக்கொண்டு போனேன். ஆமாம், அத்தையை! "பொம்பளைப் பிள்ளைங்க ஆடுதாம், வாங்க" என்றதும் கிளம்பிவிட்டார்கள். பைனல் இல்லை, சும்மா நட்பு ஆட்டம். 2-2 டிரா. அத்தை முதலில், "டவுசர் போட்டுக்கிட்டு..." என்று ஆரம்பித்தார்கள். அரை மணி கழித்து, "ஏண்டி, அந்தப் பத்தாம் நம்பர் பொண்ணுக்குப் பந்தைக் குடுக்கவே மாட்டேங்குறாளுங்க?" என்று கோபித்துக்கொண்டார்கள். நாலு மேட்ச் பார்த்த அனுபவத்தில் நான் உள்ளே நுழைந்ததும் முதல் வேலையாகப் பெண்கள் கழிப்பறை எங்கே, திறந்திருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் சீட்டுக்கே வந்தேன். இப்போதெல்லாம் வழக்கம் அதுதான். வயதானவர் வந்தால் மேல் கேலரி டிக்கெட் வாங்குவதில்லை. மாத்திரையை சீட்டோடு சின்னக் கவரில் போட்டுக்கொள்வேன். மேட்ச் முடிய ஐந்து நிமிஷம் இருக்கும்போது எழுந்திருந்தால் கூட்டத்துக்கு முன்னால் ரயிலைப் பிடிக்கலாம் என்று கணவர் சொல்வார், அதை மட்டும் நான் கேட்பதில்லை. கோல் எல்லாம் கடைசி ஐந்து நிமிஷத்தில்தான் விழுகிறது!

என் பெண் இப்போது ஸ்கூல் டீமில் கோல்கீப்பர். மாமாவின் போட்டோ அவள் மேஜை மேல்.

2024, 2025 இரண்டு வருஷமும் ஐ.எஸ்.எல். பைனலைப் பட்டியலில் மேலே இருந்த டீமின் சொந்த மைதானத்திலேயே வைத்தார்கள், அதனால்தான் இரண்டு தடவையும் கொல்கத்தா. இதை அத்தைக்குப் படித்துக் காட்டினேன். "அப்போ நம்ம பசங்க மேல வந்தா இங்கேயே நடக்குமா?" என்றார்கள். அந்த முறையே இருந்தால் நடக்கும் என்றேன். கொஞ்சம் யோசித்துவிட்டு, "அவனுங்க எப்ப மேல வர்றது, நான் எப்ப பார்க்கிறது? எந்த ஊரா இருந்தாலும் பைனல்னா சொல்லு, நான் வரேன். அவரு பார்க்காம போனதை நான் பார்த்துட்டு வரேன்" என்றார்கள்.

இந்தத் தடவை சீட்டுப் பணத்தை எடுத்துத் தனியாக வைத்துவிட்டேன், கணவருக்கும் சொல்லிவிட்டேன். அதனால்தான் இந்தக் கடிதமே. சகோதரிகளில் யாராவது கொல்கத்தா சால்ட் லேக் ஸ்டேடியத்துக்கோ, கோவா பட்டோர்டாவுக்கோ, பெங்களூர் கண்டீரவாவுக்கோ வயதானவர்களைக் கூட்டிக்கொண்டு போய் வந்திருந்தால் தயவுசெய்து இந்தப் பக்கத்திலேயே எழுதுங்கள். எந்த கேட் வழியாகப் போனால் படி குறைவு? பெண்கள் கழிப்பறை எந்தப் பக்கம்? ராத்திரி மேட்ச் முடிந்து ஸ்டேஷனுக்குப் போக என்ன வசதி? அத்தைக்கு முட்டி வலி உண்டு. நீல சட்டை மட்டும் வேண்டாமாம், நீலத்தில் ஒரு சுங்குடிப் புடவை இருக்கிறது, அதைக் கட்டிக்கொள்கிறேன் என்கிறார்கள்.

– ஒரு வாசகி, கோவிலம்பாக்கம்